ஆறு நாற்பதுக்கு லாயிட்

மாலை ஆறு பத்து. ஞாயிற்றுக்கிழமை. ஹெப்பகோடி தொழிற்பேட்டையின் கடைசிச் சாலை. வாரநாட்களில் அங்கே கம்பெனி பஸ்களுக்கு நடுவில் நடக்கக்கூட இடம் இருக்காது. அன்று ஒரு நாய்கூட இல்லை. டீக்கடையின் ஷட்டர் இறங்கியிருந்தது. தெருவிளக்கு இன்னும் எரியவில்லை. இளவேனில் ஸ்கூட்டரில் தனியாக வந்துகொண்டிருந்தாள்...

நான் இதைச் சொல்லத் தொடங்கியபோது நாங்கள் மூன்று பேர் அலுவலக மொட்டைமாடியில் உட்கார்ந்திருந்தோம். இரவுப் பணி. மழையில் எங்கோ கேபிள் அறுந்து லிங்க் போய்விட்டது. வேலை இல்லை. தண்ணீர்த் தொட்டியை ஒட்டி நான், தினேஷ், ரூபினி. நடுவில் ஆறிப்போன டீ.

இளவேனில் எங்களோடு வேலை செய்யும் தருணின் அக்கா.

"தருண் இன்னைக்கு லீவு. அதனாலதான் சொல்றேன். அவன் இருந்தா சொல்ல விடமாட்டான்" என்றேன்.

"பேய்க் கதையா?" என்றான் தினேஷ். "இங்க லிங்க்கே செத்துக் கெடக்கு. அது பத்தாதா?"

ரூபினி எச்.ஆர். சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டாள். "கம்ப்யூட்டர் பாஷைல சொல்லாதே. எனக்குப் புரியிற மாதிரி சொல்லு."

சொன்னேன்.

இளவேனில் வேலை செய்தது ஒரு சின்ன கம்பெனி. மருத்துவர்கள் பேசிப் பதிவு செய்வதைக் கேட்டு எழுத்தாக்கித் தரும் இடம். நாற்பது பேர். 2020 மார்ச்சில் எல்லோரையும் வீட்டுக்குப் போகச் சொன்னார்கள். கோப்புகள் எல்லாம் அலுவலகக் கணினிகளில். அப்போதிருந்த நெட்வொர்க் ஆள் ஒரே ராத்திரியில் தனக்குத் தெரிந்ததைச் செய்தான். நாற்பது கணினிகளையும் அணைக்காமல் விட்டான். இணையத்திலிருந்து நேரே உள்ளே வர ஒரு கதவைத் திறந்து வைத்தான். அவரவர் வீட்டில் லேப்டாப்பைத் திறந்து, பெயரும் கடவுச்சொல்லும் தட்டினால் போதும். ஹெப்பகோடியில் இருக்கும் மேஜையின் திரை வீட்டில் அப்படியே விரியும். யாரும் தவறி அணைத்துவிடக் கூடாது என்று ஒவ்வொரு கணினியின் பொத்தான்மேலும் பழுப்பு நிற டேப் ஒட்டினான். அதில் கன்னடத்திலும் தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதினான். அணைக்காதே.

இரண்டு வாரத்துக்கு என்று செய்தது. நான்கு வருடம் ஆகியும் யாரும் அந்தக் கதவை மூடவில்லை.

இளவேனில் அங்கே நெட்வொர்க் வேலைக்குச் சேர்ந்தது 2024 ஆகஸ்டில். அதே கட்டடத்தின் முதல் மாடியில் இன்னொரு கம்பெனி இருந்தது. இதே மாதிரி ஒரு கதவு வழியாக எவனோ உள்ளே வந்து, ஒரே ராத்திரியில் அவர்களுடைய எல்லாக் கோப்புகளையும் பூட்டிவிட்டான். அவர்கள் காலி செய்து போன ஹாலில் நாற்காலிகள் மட்டும் கவிழ்ந்து கிடந்தன. இளவேனிலின் மேனேஜர் வெங்கடராமன் தினமும் லிஃப்டில் இறங்கும்போது அந்த ஹாலைப் பார்த்தார்.

"பதினஞ்சாம் தேதி ஆடிட் இருக்கும்மா. அதுக்குள்ள மூடு" என்றார்.

மூடுவது என்றால் இதுதான். வெளிக்கதவைச் சாத்த வேண்டும். வேலையை விட்டுப் போனவர்களின் பெயர்களை நீக்க வேண்டும். இருப்பவர்கள் உள்ளே வர, கடவுச்சொல் மட்டும் போதாது. அவரவர் போனுக்கு ஒரு கேள்வி போகும். வருவது நீதானா? ஆம் என்று தொட்டால்தான் திறக்கும்.

யாரும் வேலை செய்யாத நேரத்தில்தான் இதைச் செய்ய முடியும். அதனால் ஞாயிறு.

வாசலில் காவலாளி கோவிந்தப்பா. அனேக்கல் பக்கத்துக் கன்னடக்காரர். பதிவேட்டை நீட்டினார். ஹாலின் விளக்கைப் போட்டுவிட்டுப் போனார்.

நாற்பது கணினிகள். மின்விசிறிகளின் ஒரே சீரான இரைச்சல். இளவேனில் தன் மேஜையில் உட்கார்ந்து பட்டியலைத் திறந்தாள்.

இங்கே ஒரு பழக்கத்தைச் சொல்ல வேண்டும். வீட்டிலிருந்து வேலை செய்பவர்கள் முடிந்ததும் முறையாக வெளியேற மாட்டார்கள். மூலையில் இருக்கும் பெருக்கல் குறியை அழுத்திவிட்டுப் போய்விடுவார்கள். அப்போதுதான் மறுநாள் விட்ட இடத்தில் எல்லாம் அப்படியே திறந்திருக்கும். அவர்களுடைய திரை மூடும். அலுவலகக் கணினியில் எதுவும் மூடாது. ஆள் இல்லை, ஆனால் போகவும் இல்லை. பட்டியலில் அவர்கள் பெயருக்கு எதிரே 'துண்டிக்கப்பட்டது' என்று மட்டும் இருக்கும்.

அப்படி நிறைய பெயர்கள் இருந்தன. ஒன்று மட்டும் ரொம்பப் பழையது. லாயிட். மூன்று வருடம் நான்கு மாதமாக அந்தப் பெயர் முறையாக வெளியேறவே இல்லை.

அவள் அதை நீக்கக் கையை வைத்தாள். அப்போது மணி ஆறு நாற்பது.

'துண்டிக்கப்பட்டது' என்ற சொல் மறைந்தது. அந்த இடத்தில் 'உள்ளே இருக்கிறார்' என்று வந்தது.

ஹாலின் கோடியில், ஜன்னலோர மேஜைக்கு அடியில், ஒரு கணினியின் சின்ன விளக்கு மினுமினுக்கத் தொடங்கியது. அதன் மின்விசிறி மட்டும் சத்தத்தைக் கூட்டியது. பிறகு வாசனை வந்தது... நீலகிரித் தைலம். வெந்நீரில் ஊற்றி ஆவி பிடிக்கும்போது வருமே, அந்த வாசனை.

அவள் பயப்படவில்லை. திருடன் என்று நினைத்தாள். யார் உள்ளே வந்தாலும் அவர் என்ன செய்கிறார் என்று தன் திரையில் பார்க்க அவளுக்கு வசதி இருந்தது. பார்த்தாள்.

திருடன் எந்தக் கோப்பையும் தொடவில்லை. நோட்பேட் திறந்திருந்தது. மேலே ஒரு பழைய வரி, எழுதி முடித்த பதிவுகளின் கணக்கு.

214 வரை முடிந்தது. மீதி நாளை.

அதற்குக் கீழே எழுத்துகள் ஒவ்வொன்றாக வந்தன. மெதுவாக. பெரிய பெரிய எழுத்துகள்.

ஜூலி, சாப்பிட்டியா?

கர்சர் துடித்துக்கொண்டிருந்தது. யாரோ யாருக்கோ நேரம் கொடுப்பதுபோல... ஒரு நிமிடம். இரண்டு நிமிடம்.

என்ன?

மறுபடியும் காத்திருந்தது.

தயிர் இருந்தா போட்டுக்கோ.

பிறகு கடைசி எழுத்திலிருந்து ஒவ்வொன்றாக அழிந்துகொண்டே வந்தது. பழைய வரி மட்டும் மிஞ்சியது. ஆறு ஐம்பத்திரண்டுக்கு, துண்டிக்கப்பட்டது.

கோவிந்தப்பா கதவருகே நின்றார்.

"இங்க யாராவது தைலம் தேச்சாங்களா?" என்று அவள் கேட்டாள்.

"தினா சாயங்காலம் வருது மேடம். முந்தி ஏசி கெட்டுப்போச்சுன்னு நெனச்சேன்" என்றார். கொஞ்சம் தயங்கினார். "ஏசி ஆஃப் பண்ணாலும் வருது."

"இந்த இடத்துல நான் எந்திரிச்சுப் போயிருப்பேன்" என்றாள் ரூபினி.

தினேஷ் அவள் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தான். "நீ எங்க போவ? ரிசைன் லெட்டர் உன்கிட்டதான வரணும்."

யாரும் பெரிதாகச் சிரிக்கவில்லை. நான் மேலே சொன்னேன்.

திங்கட்கிழமை அவள் வெங்கடராமனிடம் அந்தப் பெயரைக் கேட்டாள்.

"லாயிட்டா?" அவர் கண்ணாடியைக் கழற்றினார். "அவர் போய் மூணு வருஷம் ஆச்சேம்மா. கொரோனா செகண்ட் வேவ்ல. முப்பத்தஞ்சு வயசுகூட இல்ல." கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். "எவனோ பாஸ்வேர்டைத் திருடிட்டான். கட் பண்ணிடு."

இணைப்பு எங்கிருந்து வருகிறது என்று பார்த்தாள். தினமும் ஒரே வீடு. பணியாளர் பதிவில் லாயிட் கொடுத்திருந்த அதே முகவரி. லிங்கராஜபுரம்.

அடுத்த சனிக்கிழமை போனாள். தேவாலயத்துக்குப் பின்னால் ஒரு சந்து. மாடிப்படிக்குக் கீழே ஒரு படுக்கையறையும் சமையலறையும் கொண்ட வீடு. கதவைத் திறந்தவள் ஜூலியா. லாயிட்டின் மனைவி. நர்சரிப் பள்ளியில் டீச்சர். கையில் சாக்பீஸ் தூள்.

ஆபீஸிலிருந்து வருகிறேன் என்றதும் அவளுக்குப் புரிந்துவிட்டது.

"மூட வந்திருக்கியாம்மா?" என்றாள்.

மேஜைமேல் லேப்டாப். மூடியைத் திறந்து வைத்திருந்தாள். பக்கத்தில் ஒரு தட்டில் சோறும் முருங்கைக்கீரையும்.

"நான் எதையும் தொடறதில்ல. மூடியை மட்டும் தொறந்து வைப்பேன். அதுக்கப்புறம் அவரே வருவாரு."

அவள் சொன்னது இவ்வளவுதான். காய்ச்சல் வந்ததும் லாயிட் படுக்கையறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். எட்டு நாள். சபையிலிருந்து ஒரு ஆக்சிஜன் சிலிண்டர் கொண்டுவந்து கொடுத்தார்கள். அதோடு சேர்ந்த சின்ன பாட்டிலில் தண்ணீர் குமிழியிட்டுக்கொண்டே இருக்கும். குளுக்... குளுக்... ராத்திரி முழுவதும். அந்தச் சத்தம் கேட்டால் இருக்கிறான் என்று அர்த்தம். அந்த நிலையிலும் வேலை செய்தான். பேசினால் இருமல் வந்தது. அதனால் ஆறரைக்கு வேலையை முடித்ததும், அதே அலுவலகத் திரையிலேயே நோட்பேடில் பெரிய எழுத்தில் அடித்து, லேப்டாப்பை ஜன்னல் பக்கம் திருப்பிக் காட்டுவான். நடைபாதையில் நின்று அவள் படிப்பாள். ஜன்னல் வழியாகப் பதில் சொல்வாள்.

தினமும் ஒரே கேள்வி. சாப்பிட்டியா?

எட்டாவது நாள் ஆம்புலன்ஸ் வந்தது. லாயிட் பெருக்கல் குறியை அழுத்திவிட்டு மூடியைச் சாத்தினான். மூன்றாவது நாள் ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தது. முகத்தைக் காட்டவில்லை. அவனுடைய செல்போனையும் கொடுக்கவில்லை. தேடிப் பார்க்கிறோம் என்றார்கள்.

"புதைக்கும்போது நான் கேட்டுக்கு வெளிய ஆட்டோல உக்காந்திருந்தேன். டிரைவர் மீட்டரை ஆஃப் பண்ணிட்டான். அது மட்டும் ஞாபகம் இருக்கு."

நாற்பதாவது நாள், போட்டோ பார்க்கலாம் என்று லேப்டாப்பைத் திறந்தாள். ஆறு நாற்பதுக்குத் திரை தானாக மாறியது. கடவுச்சொல்லின் புள்ளிகள் ஒவ்வொன்றாக விழுந்தன.

"நீங்க சொல்றது அவருக்கு எப்படிக்கா கேக்குது?" என்றாள் இளவேனில்.

"தெரியல. ஆனா பொய் சொன்னா தெரியுது." ஜூலியா தட்டைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "ஒரு நாள் ஒண்ணும் செய்யல. படுத்தே இருந்தேன். சாப்பிட்டியான்னு கேட்டாரு. சாப்பிட்டேன்னேன். என்னன்னு கேட்டாரு. உப்புமான்னேன். ரொம்ப நேரம் ஒண்ணும் எழுதல. அப்புறம் எழுதினாரு... ரவைதான் தீந்துபோச்சேன்னு."

இளவேனிலும் அந்தத் தட்டைப் பார்த்தாள்.

"அன்னையிலிருந்து ஆறரைக்குள்ள எதையாவது செஞ்சு வச்சிருவேன். அவர் கேட்டா பதில் சொல்லணுமில்ல? அவர் கேக்கலன்னா நான் அடுப்பே பத்தவைக்க மாட்டேம்மா. சத்தியமா சொல்றேன்."

ஆறு நாற்பது ஆனது. திரை மாறியது.

பன்னிரண்டு நிமிடம். ஜூலியா ஒவ்வொரு கேள்விக்கும் மெல்லிய குரலில் பதில் சொன்னாள். கீரை. ஆமா, பூண்டு போட்டேன். இல்ல, இன்னைக்குத் தலைவலி இல்ல. இளவேனில் சுவரோடு ஒட்டி நின்றாள். அறையில் தைல வாசனை. லேப்டாப்பின் ஸ்பீக்கரிலிருந்து, மிகத் தொலைவிலிருந்து வருவதுபோல... குளுக்... குளுக்...

போகும்போது ஜூலியா வாசல்வரை வந்தாள். "எல்லாக் கதவையும் மூடிக்கோம்மா. அவரோடதை மட்டும் விட்டுடு" என்றாள்.

கதவை விட முடியாது. விட்டால் அந்த வழியாகத் திருடனும் வருவான். நாற்பது பேரின் வேலை அதில் இருந்தது. மறுநாள் ஞாயிற்றுக்கிழமை இளவேனில் வெளிக்கதவைச் சாத்தினாள். போனவர்களின் பெயர்களை நீக்கினாள். முப்பத்தொரு பெயர்.

லாயிட்டின் பெயரில் நின்றாள்.

நீக்காமல் விடலாம். ஜூலியாவின் லேப்டாப்பைப் புது வழியில் சேர்க்கவும் செய்யலாம். ஆனால் இனி யார் வந்தாலும் போனுக்குக் கேள்வி போகும். லாயிட்டின் போன் இல்லை. எண் எப்போதோ செத்துவிட்டது. ஜூலியாவின் எண்ணைக் கொடுக்கலாமா என்று யோசித்தாள். தினமும் அவள் கையால், வருவது லாயிட்தான், ஆம், என்று தொடச் சொல்வதா... மனம் வரவில்லை.

இந்த வேலையில் இருப்பவர்கள் செய்யவே கூடாத ஒன்றை அப்போது செய்தாள். அவன் பெயருக்கு எதிரே தன்னுடைய போன் எண்ணைப் போட்டாள்.

"ஐயோ" என்றான் தினேஷ். இந்த முறை கிண்டல் இல்லை. "ஆடிட்ல மாட்டினா வேலை போயிருக்கும்."

மாட்டவில்லை. ஆடிட் நல்லபடியாக முடிந்தது. வெங்கடராமன் அவளுக்கு ஒரு பேனா கொடுத்தார்.

அதற்குப் பிறகு தினமும் ஆறு நாற்பதுக்கு அவள் போன் ஒருமுறை அதிரும். 'லாயிட் உள்ளே வரக் கேட்கிறார்.' கீழே ஆம். பக்கத்தில் இல்லை. அவள் ஆம் என்று தொடுவாள். சில்க்போர்டு நெரிசலில், பஸ்ஸில் நின்றுகொண்டு. பல் டாக்டரின் நாற்காலியில், வாயைத் திறந்தபடி. ஊரில் சித்தப்பாவின் காரியத்தில், எல்லோரும் அழுதுகொண்டிருந்தபோது பின்கட்டுக்குப் போய்.

ஒரு நாள் மட்டும் தவறியது. அக்டோபரில். சந்தாபுரா தாண்டி மழை வெள்ளத்தில் பஸ் நின்றுவிட்டது. போனில் சார்ஜ் இல்லை. வீட்டுக்கு வந்து போனை உயிர்ப்பித்தபோது மணி ஒன்பதரை. எழுபத்திரண்டு முறை கேட்டிருந்தது.

மறுநாள் இரவு ஜூலியா அழைத்தாள். அவள் முந்தின நாள் சாப்பிடவில்லை. அது குரலிலேயே தெரிந்தது.

"இன்னைக்கு வந்தாரு" என்றாள். "நேத்து ரொம்ப நேரம் நின்னேன்னு எழுதினாரு."

"நின்னேன்னா?"

"அப்படித்தான் எழுதினாரு இளா. வெளிய நின்னேன்னு."

இளவேனில் மறுநாளே ஒரு பவர்பேங்க் வாங்கினாள். தூங்கும்போதுகூட அது கைப்பையில் இருக்கும் என்று தருண் சொன்னான்.

இந்த இடத்தில் நான் நிறுத்தினேன். கீழே படிக்கட்டில் யாரோ டார்ச் அடித்து, லிங்க் வந்துவிட்டது என்று கூப்பிட்டார்கள். யாரும் எழவில்லை.

"அப்புறம்?" என்றாள் ரூபினி.

அப்புறம் ஈஸ்டர் வந்தது. ஈஸ்டர் முடிந்த வாரம் ஜூலியா ஹெப்பகோடிக்கே வந்தாள். அலுவலக வாசலில் நின்றாள். கையில் தலையணை உறையில் சுற்றிய ஏதோ ஒன்று. நல்ல புடவை. முகத்தில் சதை போட்டிருந்தது. கோவிந்தப்பா நாற்காலி எடுத்துப் போட்டார். உட்காரவில்லை.

"எனக்குக் கல்யாணம் இளா" என்றாள்.

அவன் பெயர் ஓஸ்வால்ட். அதே சபை. பேக்கரி வைத்திருக்கிறான். இரண்டு வருடமாகக் கேட்டுக்கொண்டிருந்தான். இரண்டு வருடமும் அவள் வேண்டாம் என்றாள். பிறகு ஒரு நாள், ஏன் வேண்டாம் என்பது அவளுக்கே தெரியவில்லை.

"நல்ல மனுஷன். அதிகம் பேச மாட்டாரு." தலையணை உறையை மார்போடு பிடித்திருந்தாள். "லாயிட்கிட்ட சொல்லிடணும்னு மூணு நாள் பாத்தேன். அவர் சாப்பிட்டியான்னு கேட்டதும், சாப்பிட்டேன்னுதான் வாயில வருது. வேற எதுவும் வர மாட்டேங்குது."

"நான் சொல்லட்டுமாக்கா? ஆபீஸ்லேர்ந்து அந்த நோட்பேட்ல நான் எழுத முடியும்."

ஜூலியா வேகமாகத் தலையை ஆட்டினாள். "பேடாம்மா, வேண்டாம். சொல்லாதே. சும்மா மூடிடு."

லேப்டாப்பைக் கொடுத்தாள். பஸ் ஸ்டாப் வரைக்கும் போனவள் திரும்பி வந்தாள். ஏதோ சொல்லப்போவதுபோல நின்றாள். தலையணை உறையை மட்டும் வாங்கிக்கொண்டு போனாள்.

திங்கட்கிழமை கல்யாணம். முந்தின நாள் ஞாயிறு. மறுபடியும் அதே சாலை. அதே ஆறு பத்து. ஷட்டர் இறங்கிய டீக்கடை.

அவள் ஜன்னலோர மேஜைக்கு முன்னால் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். போனைத் தொடைமேல் வைத்துக்கொண்டாள். லேப்டாப் எதிரே மேஜைமேல், மூடியபடி. மின்சாரம் கொடுக்கவில்லை. அதில் எந்த உயிரும் இல்லை.

ஆறு நாற்பது. போன் அதிர்ந்தது.

லாயிட் உள்ளே வரக் கேட்கிறார்.

இல்லை என்று தொட்டாள்.

மறுபடி அதிர்ந்தது. இல்லை. மறுபடி. இல்லை. ஒவ்வொரு தடவையும் நடுவில் கொஞ்சம் இடைவெளி. தட்டிவிட்டுக் காத்திருப்பவன் விடும் இடைவெளி... ஐந்து முறை மறுத்தால் அந்தப் பெயர் பூட்டிக்கொள்ளும். திருடர்களுக்காக அவளே எழுதிய விதி அது. ஐந்தாவது முறை தொடும்போது அவளுக்குக் கண் தெரியவில்லை. விரலால் தடவித் தொட்டாள்.

பூட்டிக்கொண்டது.

பிறகு அவள் மற்றதைச் செய்தாள். அவன் அமர்வை முடித்தாள். சேமிக்காதவை போய்விடும், சரியா, என்று கேட்டது. திரையில் அந்த ஒரு வரி இருந்தது. 214 வரை முடிந்தது. மீதி நாளை. சரி என்றாள். பெயரை நீக்கினாள். தன் எண்ணை நீக்கினாள். குனிந்து மேஜைக்கு அடியில் இருந்த டேப்பை உரித்தாள். ஐந்து வருடப் பசை. பெயிண்டோடு வந்தது. பொத்தானை அழுத்திப் பிடித்தாள்.

மின்விசிறி மெல்லத் தணிந்து நின்றது.

அந்த மூலையில் அவ்வளவு அமைதி இருக்கும் என்று அவள் நினைக்கவில்லை. தைல வாசனை மட்டும் இருந்தது. கோவிந்தப்பா விளக்கை அணைக்க வரும்வரை அது போகவில்லை.

திங்கட்கிழமை அரை நாள் விடுப்புப் போட்டாள். காலையில் சர்ச். மாலையில் லிங்கராஜபுரத்திலேயே ஒரு சின்ன ஹாலில் வரவேற்பு. கீபோர்டு வாசித்துக்கொண்டிருந்தார்கள். குழந்தைகள் பலூனை மிதித்து உடைத்தார்கள். தருணும் கூடப் போயிருந்தான். அவன் சாப்பாட்டு வரிசையில் நின்றிருந்தான். அக்கா தூணுக்குப் பக்கத்தில் நாற்காலியில் இருந்தாள்.

மேடையில் மூன்று அடுக்குக் கேக். ஓஸ்வால்ட் தன் பேக்கரியில் தானே செய்தது. கத்தியை இருவரும் சேர்ந்து பிடித்தார்கள். கைதட்டினார்கள். கத்தி இறங்குவதற்கு முன்னால் ஜூலியா நிமிர்ந்து ஹாலின் சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தாள். இளவேனிலும் பார்த்தாள்.

ஆறு முப்பத்தொன்பது.

பிறகு ஜூலியா இளவேனில் பக்கம் திரும்பினாள். இளவேனில் தலையசைத்தாள். மூடிட்டேன் என்று அர்த்தம். ஜூலியா கத்தியை அழுத்தினாள்.

ஆறு நாற்பது. இளவேனிலின் போன் அதிரவில்லை. அவள் மூச்சு விட்டாள்.

பிறகு போன் அடித்தது.

கேள்வி இல்லை. அழைப்பு. எண் இல்லை, பெயர் இல்லை. வெறும் திரை. அவள் எடுத்துக் காதில் வைத்தாள். ஒரு காதைக் கையால் பொத்திக்கொண்டாள்.

குளுக்... குளுக்... தண்ணீரில் குமிழி. அதற்குப் பின்னால் மூச்சு. ஒரு சொல்லுக்கு மூச்சைச் சேர்த்துக்கொள்பவனின் மூச்சு. சாம்பிராணியும் பிரியாணியும் மணந்த அந்த ஹாலில் நீலகிரித் தைலம்...

"தங்கச்சி." ஆணின் குரல். மரியாதையான குரல். "கதவு... தொறக்கல. பரவால்ல." மூச்சு. "ஜூலி சாப்பிட்டாளா?"

மேடையில் ஓஸ்வால்ட் கேக்கில் ஒரு துண்டை எடுத்தான். ஜூலியாவின் வாயருகே கொண்டுபோனான். அவள் சிரித்தாள். உதிர்வது புடவையில் விழாமல் இருக்கத் தாடைக்குக் கீழே கையை ஏந்திக்கொண்டு, வாயைத் திறந்து வாங்கினாள்.

"சாப்பிட்டா அண்ணா" என்றாள் இளவேனில்.

குமிழிகள் நிற்கவில்லை. மூச்சு ஒருமுறை உள்ளே போனது. வெளியே வந்தது. அவன் நேரம் கொடுத்தான்.

"என்ன சாப்பிட்டா?"